கண்ணாடி இல்லாத காளை

தாசில்தார் மேல் அபாண்டமாகப் பழி போட்டுவிட்டார்கள் என்று அந்தப் பெண் சொன்னதும், சந்தோஷ்குமார் வழக்கம்போல நாற்காலியைத் துடைத்துப் போட்டு, எந்தத் தாலுகா என்று கேட்டான்.

"தாலுகா இல்லைங்க. மாடு."

சந்தோஷ்குமார் முகத்தை மாற்றிக்கொள்ளவில்லை. புதுக்கோட்டை கீழராஜவீதியில், ஒரு ஜெராக்ஸ் கடைக்கு மாடியில் இருக்கிறது உண்ணாமலை துப்பறியும் நிலையம். கொலை, கொள்ளை என்று யாரும் அந்தப் படிகளில் ஏறி வந்ததில்லை. அறந்தாங்கிப் பக்கத்து மாப்பிள்ளை துபாயில் நிஜமாகவே சூப்பர்வைசரா, இல்லை சூப்பர்வைசரின் ரூமில் பாய் போட்டுப் படுப்பவரா என்று விசாரித்துச் சொல்வதுதான் பிழைப்பு. மாப்பிள்ளைகளை விசாரித்தவனுக்கு மாட்டை விசாரிப்பது பதவி உயர்வு மாதிரித்தான்.

நிலையத்தின் சொந்தக்காரர் உண்ணாமலைக்கு நாற்பத்தைந்து வயது இருக்கும். குறைவாகப் பேசுவார். எதையும் மூன்று தடவை கேட்பார், ஒரு தடவைதான் பதில் சொல்வார். சந்தோஷ்குமார் அவருடைய உதவியாளன். வண்டி ஓட்டுவது, டீ வாங்கி வருவது, யாரும் கேட்காதபோது கருத்துச் சொல்வது ஆகியவை அவன் வேலை. முதல் இரண்டுக்கு மட்டும் சம்பளம் உண்டு.

வந்தவள் பெயர் செவந்தி. ஊர், அன்னவாசலைத் தாண்டி உள்ளே போகும் மேலக்குருந்தம்பட்டி. புருஷன் மஸ்கட்டில் கிரேன் ஓட்டுகிறான். வீட்டில் இவளும் தாசில்தாரும்தான். தாசில்தார் ஜல்லிக்கட்டுக் காளை. எத்தனை தடவை போனாலும் யார் கைக்கும் சிக்காதவன் என்பதால் ஊரே பார்த்து வைத்த பெயர். நாளைக் காலையில் சொந்த ஊர் வாடிவாசலில் அவனை அவிழ்த்துவிட வேண்டும். அவிழ்க்கக் கூடாது என்று நேற்று ஊர்க் கமிட்டி தடை போட்டுவிட்டது.

தடைக்குக் காரணம் ஒரு படம். போன வருஷம் வரைக்கும் காகித டோக்கன் இருந்தது. ஆளாளுக்கு அதை ஜெராக்ஸ் எடுத்து, ஒரே டோக்கனுக்கு நாலு மாடு வந்து நின்றதாம். இதைக் கேட்கும்போது சந்தோஷ்குமார் தரையைப் பார்த்துக்கொண்டான். தரைக்குக் கீழேதான் கடை. அதனால் இந்த வருஷம் காகிதத்தை ஒழித்துவிட்டு 'காளை கார்டு' என்று ஒரு ஆப் கொண்டுவந்தார்கள். மாட்டின் போட்டோ, அதன்மேல் வளர்ப்பவர் பெயர், டோக்கன் நம்பர். போனைத் திறந்து காட்டினால் மாட்டை உள்ளே விடுவார்கள்.

நேற்று ஊர் வாட்ஸ்அப் குழுவில் அப்படி ஒரு கார்டு வந்து விழுந்தது. அதில் இருந்தது செவந்தியின் பெயர், செவந்தியின் நம்பர். போட்டோவில் நின்ற மாடு மட்டும் வேறு. தாசில்தார் மயிலை, சாம்பல் ஓடிய வெள்ளை. படத்தில் நின்றது செங்கல் நிறத்தில் ஒரு செவலை. செவந்தி தன் டோக்கனை அடுத்தவர் மாட்டுக்கு விற்றுவிட்டாள் என்று ஊர் முடிவு செய்துவிட்டது. டோக்கனை விற்றால் தடை என்பது சட்டம். கமிட்டித் தலைவர் ரெங்கராஜ் சட்டத்தைக் காப்பாற்றிவிட்டார்.

"நான் விக்கலக்கா. அந்தச் செவலை யாரு வீட்டு மாடுன்னே எனக்குத் தெரியாது" என்றாள் செவந்தி. அழவில்லை. அழுது முடித்துவிட்டு பஸ் ஏறியவள் மாதிரி இருந்தது.

விஷயம் தடையோடு நிற்கவில்லை. மாட்டுக்குத் தீவனம் போட்டுக் கட்டுப்படியாகவில்லை, விற்றுவிடுவோம் என்று அவள் கொழுந்தன் வீரய்யா ரொம்ப நாளாகச் சொல்லிக்கொண்டிருக்கிறான். இந்த வருஷம் வாடியில் அவிழ்த்தால் வைத்துக்கொள்வோம், இல்லாவிட்டால் கொடுத்துவிடுவோம் என்று மஸ்கட்டிலிருந்து புருஷனும் போனில் தலையாட்டிவிட்டான். நாளைச் சாயந்தரம் புரோக்கர் வண்டி வருகிறது. கேரளா போகும் வண்டி. அதில் ஏறிய மாட்டை அதற்கப்புறம் யாரும் பெயர் சொல்லிக் கூப்பிடுவதில்லை.

உண்ணாமலை அவளுடைய போனை வாங்கினார். ஆப்பில் இருந்த தாசில்தாரின் அசல் கார்டைத் திறந்து வைத்தார். குழுவில் வந்த படத்தைத் தன் போனில் போட்டுக்கொண்டார். இரண்டையும் மேஜையில் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, என்ன வித்தியாசம் என்று சந்தோஷ்குமாரைக் கேட்டார்.

இது வெள்ளை, அது சிவப்பு என்றான். அது ஊருக்கே தெரியும், வேறு சொல் என்றார். இவன் கோபமாக நிற்கிறான், அவன் ஆதார் கார்டுக்கு நிற்கிற மாதிரி நிற்கிறான் என்றான்.

"மாட்ட விடு. மாட்டைத் தவிர மத்ததப் பாரு."

மாட்டை விட்டுவிட்டுப் பார்த்தான். அசல் கார்டில் பெயரும் நம்பரும் ஒரு மங்கலான கண்ணாடித் துண்டின் மேல் எழுதியிருந்தன. கண்ணாடிக்குப் பின்னால் தாசில்தாரின் விலா மேகத்துக்குள் நிலா போலக் கலங்கித் தெரிந்தது. குழுவில் வந்த படத்தில் அந்தக் கண்ணாடி இல்லை. சுண்ணாம்பு அடித்த மாதிரி ஒரு வெள்ளைப் பட்டை, அதன்மேல் கறுப்பு எழுத்து.

"அட" என்றான். "நேத்துலேர்ந்து ஒரு ஊரே இதப் பாத்துருக்கு."

"மாட்டுக்காரங்க மாட்டத்தான் பாப்பாங்க" என்றார் உண்ணாமலை. "வண்டிய எடு."

மேலக்குருந்தம்பட்டி டீக்கடையிலேயே வீரய்யா கிடைத்தான். படத்தைக் குழுவில் போட்டவனே அவன்தான். சந்தோஷ்குமாருக்கு அவனைப் பார்த்ததும் பிடித்துவிட்டது, குற்றவாளியாக. மாடு போனால் லாபம் அடைகிறவன், படத்தைப் பரப்பியவன், போதாததற்கு மீசை வேறு.

வீரய்யா எதையும் மறைக்கவில்லை. தெரியாத ஒரு நம்பரிலிருந்து படம் வந்தது, திருப்பிக் கூப்பிட்டால் சுவிட்ச் ஆஃப், ஊருக்குத் தெரியட்டும் என்று போட்டுவிட்டேன் என்றான். மதினி மேல் தனக்குக் கோபம் எதுவும் இல்லை, மாட்டின் மேல்தான் என்றான். போன பொங்கலில் அது இவனைச் சாணிக்குழி வரை விரட்டிய கதையை டீக்கடைக்காரர் விளக்கமாகச் சொன்னார்.

உண்ணாமலை கேட்டது ஒன்றே ஒன்றுதான். காளை கார்டு ஆப் எப்படி இருக்கிறது?

"நல்லாத்தான் இருக்கு. என்ன, பேரு எழுதுற எடத்துல பாத்ரூம் சன்னல் மாதிரி ஒரு கண்ணாடிய வச்சிருக்கு அந்தப் புள்ள. தெனமும் தொறந்து பாக்கும்போதெல்லாம் யாரோ உள்ள குளிக்கிற மாதிரியே இருக்கு."

உண்ணாமலை நன்றி சொல்லிவிட்டு நடந்தார். சந்தோஷ்குமாருக்கு ஏமாற்றம். இவ்வளவு நல்ல மீசையை விட்டுவிட்டுப் போவதா என்று கேட்டான்.

"போலிக் கார்டு செய்யிறவன் தனக்குத் தெரிஞ்ச கார்டைத்தான் செய்வான். இவன் தெனமும் கண்ணாடியப் பாக்குறவன். இவன் செஞ்சிருந்தா கண்ணாடியோட செஞ்சிருப்பான்."

"அப்ப ஆப் செஞ்ச புள்ளைதான். கார்டு செய்யத் தெரிஞ்ச ஒரே ஆளு."

"பாப்போம்."

ஆப் செஞ்ச புள்ளை வனிதா. கம்ப்யூட்டர் சயன்ஸ் கடைசி வருஷம். தன் வீட்டு மொட்டை மாடியில் தண்ணீர்த் தொட்டியின் நிழலில் லேப்டாப்போடு உட்கார்ந்திருந்தாள். அந்தத் தெருவில் சிக்னல் வந்து போகும் இடம் அதுதான். ஊர்க் கமிட்டிக்குச் செய்த ஆப்பையே காலேஜில் ப்ராஜெக்டாகவும் கொடுத்திருக்கிறாள். போலிக் கார்டு விவகாரம் காலேஜ் வரைக்கும் போய்விடுமோ என்ற பயத்தில் குழுவில் வந்த படத்தைக்கூட அவள் திறந்து பார்க்கவில்லை. சந்தோஷ்குமார் படத்தை நீட்டி, இதை நீதானே செய்தாய் என்று கேட்டதும் பயம் போய், அவமானம் வந்துவிட்டது.

"இதையா? நானா? இந்தப் பட்டையப் பாருங்க. காதுகுத்து ஃப்ளெக்ஸ் மாதிரி இருக்கு. நான் செஞ்சிருந்தா கிளாஸ் இல்லாமலா செய்வேன்?"

கொலைப்பழி போட்டிருந்தால்கூட அவ்வளவு கோபம் வந்திருக்காது. அந்தக் கண்ணாடி என்னதான் விஷயம் என்று உண்ணாமலை பக்கத்தில் உட்கார்ந்தார். கேட்க ஆள் கிடைத்த சந்தோஷத்தில் வனிதா ஆரம்பித்தாள்.

"இதுக்குப் பேரு கிளாஸ்மார்ஃபிசம்."

"எத்தன நாளா இருக்கு?" என்று சந்தோஷ்குமார் அக்கறையாகக் கேட்டான்.

அவள் அவனை விட்டுவிட்டு உண்ணாமலையிடம் சொன்னாள். திரையில் ஒரு படம் இருக்கிறது. அதன்மேல் எழுத்து வர வேண்டும். வெள்ளைப் பட்டை போட்டால் படம் செத்துவிடும். எழுத்தை நேராகப் படத்தின் மேல் வைத்தால் எழுத்து செத்துவிடும். அதனால் நடுவில் ஒரு பனிக்கண்ணாடியை மிதக்க விடுவது. பின்னால் என்ன இருக்கிறது என்று தெரிய வேண்டும், ஆனால் தெளிவாகத் தெரியக் கூடாது. உருவம் கரைந்துவிடும், நிறம் மட்டும் கசிந்து வரும். ஓரத்தில் முடியளவுக்கு ஒரு வெளிச்சக் கோடு. அந்தக் கோடு இல்லாவிட்டால் கண்ணாடி என்றே யாருக்கும் தோன்றாது. பின்னால் நல்ல நிறமாக ஏதாவது இருக்கவும் வேண்டும். வெறும் சுவரின் மேல் வைத்தால் அழுக்குத் துணி மாதிரி கிடக்கும். இப்போது பெரிய போன்களில் எல்லாம் இதுதான்.

"ஆக, அதுக்குன்னு சொந்தமா ஒரு கலர் கெடையாது. பின்னால யாரு நிக்கிறாங்களோ அவங்க கலரு" என்றான் சந்தோஷ்குமார்.

"ஆமாண்ணே."

"எங்க வார்டுல இப்படி ஒருத்தர் இருக்காரு."

இதில் கெடுதல் ஒன்றுமே இல்லையா என்று உண்ணாமலை கேட்டார். வனிதா கொஞ்சம் தயங்கினாள். இருக்கிறது. கண்ணாடியை ஒரு திரையில் ஓரிடத்தில் வைத்தால் அழகு. கண்ட இடத்திலெல்லாம் வைத்தால் எது மேலே, எது கீழே என்று தெரியாமல் போகும். பழைய போன்கள் திணறும். எல்லாவற்றையும்விட, எழுத்துக்கும் பின்னணிக்கும் எடுப்பான வித்தியாசம் இருக்க வேண்டும். இல்லாவிட்டால் வயதானவர்களாலும், வெயிலில் நிற்பவர்களாலும் படிக்கவே முடியாது. அவள் ராத்திரி ஏசி லேபில் உட்கார்ந்து செய்தாள். மாட்டுக்காரர்கள் அதை உச்சி வெயிலில் மாட்டைப் பிடித்துக்கொண்டே பார்த்தார்கள். ஒன்றும் தெரியவில்லை என்று ஊரே கமிட்டித் தலைவரிடம் போய் முனகியது.

"அப்பறம் என்ன செஞ்ச?"

"ரெங்கராஜ் மாமா வாய்ஸ் மெசேஜ்ல கிளாஸ் எடுக்கச் சொன்னாரு. ஞாயித்துக்கெழமை சமுதாயக் கூடத்துல எல்லாரையும் உக்கார வச்சு எடுத்தேன். எங்க அமுக்கணும், வெளிச்சத்தை எப்படிக் கூட்டணும், போனை எப்படி நிழலுக்குத் திருப்பணும், எல்லாம் சொல்லிக் குடுத்தேன். எழுத்தையும் கொஞ்சம் தடிமனாக்கிட்டேன். இப்ப எல்லாருக்கும் பழகிருச்சு."

தலைவர் அப்படிச் சொன்ன வாய்ஸ் மெசேஜ் இருக்கிறதா என்றார் உண்ணாமலை. இருந்தது. வனிதா போட்டுக் காட்டினாள். பின்னணியில் மாடு கத்த, ரெங்கராஜின் கரகரத்த குரல் வந்தது.

"வனிதா, மாமா பேசுறேன்த்தா. ஒன் ஆப்புல மாட்டுக்காரங்களுக்கு ஒண்ணும் வெளங்கலயாம். எங்கிட்ட வந்து மொனங்குறாய்ங்க. நீ ஒரு காரியம் பண்ணு. கிளாஸெடுத்துரு. சீக்கிரமா எடுத்துரு."

அடுத்து வனிதாவின் பதில்: "மாமா, கிளாஸெடுத்தாச்சு."

அதற்கு மறுபடி ரெங்கராஜ்: "நல்லதாப் போச்சுத்தா. இப்பத்தான் தெளிவா இருக்கும்."

உண்ணாமலை மூன்றையும் மூன்று தடவை கேட்டார். அன்றைக்கு மாமா வகுப்புக்கு வந்தாரா என்றார். இல்லை, மணமேல்குடியில் சொந்தக்காரர் வீட்டு விசேஷம் என்று போய்விட்டார். அவர் ஆப்பைத் திறந்து பார்ப்பாரா என்றார். வனிதா சிரித்துவிட்டாள். தொடக்க விழா அன்று குத்துவிளக்கு ஏற்றிவிட்டு ஒரு தடவை பார்த்தார். என்னத்தா இது, மார்கழி மாசம் மாதிரி இருக்கு என்றார். அது கிளாஸ் மாமா என்று இவள் சொன்னாள். அத்தோடு சரி. அவருக்குப் போன் என்றால் பேசுவதற்கும் பேசி அனுப்புவதற்கும்தான்.

உண்ணாமலை கைப்பையிலிருந்து ஒரு கடலைமிட்டாயை எடுத்துப் பிரித்தார். சந்தோஷ்குமார் நிமிர்ந்து உட்கார்ந்தான். அக்கா கடலைமிட்டாய் பிரித்தால் கேஸ் முடிந்துவிட்டது என்று அர்த்தம். எப்படி முடிந்தது என்று மட்டும் அவனுக்குத் தெரியவில்லை. அதுவும் வழக்கம்தான்.

வெயில் தாழ்ந்த நேரத்தில் வாடிக்குப் போனார்கள். சவுக்குக் கம்பில் தடுப்புக் கட்டிக்கொண்டிருந்தார்கள். காளைகள் ஓடும் தடத்தில் தென்னை நாரைக் கொட்டிப் பரப்பிக்கொண்டிருந்தார்கள். நடுவில் வெள்ளைச் சட்டையில் ரெங்கராஜ் நின்று, தானாக நடந்துகொண்டிருந்த வேலைகளை நடத்திக்கொண்டிருந்தார். கமிட்டி ஆட்கள், மாட்டுக்காரர்கள், வீரய்யா, எல்லோரும் இருந்தார்கள். செவந்தியும் வனிதாவும் ஓரமாக வந்து நின்றார்கள்.

உண்ணாமலை ரொம்பப் பணிவாகப் பேசினார். செவந்தி சொல்வதை மட்டும் வைத்து நாங்கள் முடிவு கட்டக் கூடாதல்லவா, கார்டு விஷயம் தெரிந்த பெரியவர் நீங்கள், நீங்களே பார்த்துச் சொல்லிவிட்டால் போய்விடுவோம் என்றார். ரெங்கராஜ் துண்டைச் சரிசெய்துகொண்டார். உண்ணாமலை இரண்டு போன்களை நீட்டினார். ஒன்றில் தாசில்தாரின் கண்ணாடிக் கார்டு. இன்னொன்றில் வெள்ளைப் பட்டை போட்ட செவலை.

"மாட்ட விட்ருங்கண்ணே. கார்ட மட்டும் பாருங்க. நாளைக்கு வாடியில செல்லுற கார்டு எந்த மாதிரி இருக்கும்?"

ரெங்கராஜ் யோசிக்கவே இல்லை. வெள்ளைப் பட்டையைத் தொட்டார். "இந்த மாதிரிதான்."

"அப்ப இந்த மங்கலா இருக்குறது?"

"அது பழசும்மா. மொதமொதல்ல அப்படித்தான் பனிமூட்டமா இருந்துச்சு. நாந்தான் கிளாஸெடுக்கச் சொன்னேன். வனிதாவும் எடுத்துருச்சு. ஊருக்கே தெரியும், வேணுமின்னா கேட்டுப் பாருங்க."

ஆமாம் ஆமாம், கிளாஸ் எடுத்துச்சு என்று ஊர் சாட்சி சொன்னது. நல்லாவே எடுத்துச்சு என்றார் ஒருவர்.

"காப்பிகூடக் குடுத்துச்சு" என்றார் இன்னொருவர்.

ரெங்கராஜ் அவரைத் திரும்பிப் பார்த்தார்.

"காப்பியா?"

"கூடவே பிஸ்கோத்தும். நீங்க மணமேல்குடி போயிருந்தீகல்ல. போர்டுல எழுதிப் போட்டு, வாத்தியாரம்மா கணக்கா எடுத்துச்சு."

தென்னை நார் அள்ளிக்கொண்டிருந்தவர்கூட நிறுத்திவிட்டார். உண்ணாமலை குரலை உயர்த்தாமல், எல்லோரும் அவரவர் போனில் அவரவர் மாட்டுக் கார்டை ஒரு தடவை திறந்து காட்டுங்கள் என்றார். இடுப்பு மடிப்பிலிருந்தும் சட்டைப் பையிலிருந்தும் போன்கள் வெளியே வந்தன. வகுப்பில் படித்தபடி எல்லோரும் ஒரே மாதிரி உடம்பைத் திருப்பி நிழல் பண்ணிக்கொண்டார்கள். காரி, செவலை, மயிலை, புள்ளி என்று வரிசையாக மாடுகள். ஒவ்வொரு மாட்டின் மேலும் மங்கலாக ஒரு கண்ணாடி.

சந்தோஷ்குமாருக்கு அப்போதுதான் தலைக்குள் விளக்கு எரிந்தது. ஒருவர் கண்ணாடியை நீக்கச் சொல்லியிருக்கிறார். இன்னொருத்தி பாடம் நடத்தியிருக்கிறாள். எடுத்தாச்சு என்று அவள் சொல்ல, தெளிவாக இருக்கும் என்று அவர் சொல்ல, இரண்டு பேரும் திருப்தியாகப் போனை வைத்திருக்கிறார்கள். இந்த ஊரில் கார்டில் கண்ணாடி போய்விட்டது என்று நம்பிக்கொண்டிருந்த ஆள் ஒரே ஒருவர். வந்திருக்கும் போலியோ கண்ணாடி இல்லாத போலி.

"அண்ணே" என்றார் உண்ணாமலை. "எந்தக் கடையில அடிச்சீங்க?"

ரெங்கராஜ் தோளில் கிடந்த துண்டை இறக்கிக் கையில் வைத்துக்கொண்டார். பிறகு, புதுக்கோட்டையில் ஒரு ஃப்ளெக்ஸ் கடை என்றார். மாடு எங்கிருந்து வந்தது என்று தெரியாது, கடைப் பையன் நெட்டில் எடுத்தான். கண்ணாடி வேண்டாம், இப்ப அது இல்லை என்று தானே பக்கத்தில் நின்று சொன்னதாகவும் சொன்னார். படத்தையும் அந்தப் பையனை விட்டே ஒரு புது சிம்மில் அனுப்பச் சொல்லி, சிம்மை ஊருணியில் போட்டாராம்.

வீரய்யா வாய்விட்டு ஒரு கெட்ட வார்த்தை சொன்னான். அவனை வைத்து ஒருவர் வேலை வாங்கியிருக்கிறார் என்பதுதான் அவனுக்குப் பொறுக்கவில்லை. செவந்தி எதுவும் திட்டவில்லை. முன்னால் வந்து, ஏண்ணே என்று மட்டும் கேட்டாள்.

ரெங்கராஜ் சொன்னார். அவருடைய மகன் அரவிந்த்குமார் மாடுபிடி வீரன். போன வருஷம் இதே வாடியில் தாசில்தாரின் திமிலைப் பிடிக்கப் போய், தோள் எலும்பு நொறுங்கி மூன்று மாதம் படுத்தான். விழுந்த வீடியோவை யாரோ வாட்ஸ்அப்பில் ஸ்டிக்கராக்கி, ஊரில் யாருக்கு எது தவறிப் போனாலும் அதைத்தான் போடுகிறார்கள். இந்த வருஷம் அந்த மாட்டைப் பிடித்தே தீருவேன் என்று சபதம் போட்டிருக்கிறான். வேறு மாட்டைத் தொடக்கூட மாட்டானாம். டாக்டரோ அந்தத் தோளில் இன்னொரு அடி பட்டால் கை தூக்க முடியாது என்று சொல்லியிருக்கிறார்.

"அவன நிக்கவேணாம்னு சொல்ல முடியாதும்மா. மாட்ட நிறுத்தத்தான் எங்கையில அதிகாரம் இருந்துச்சு."

"அவன்கிட்ட சொல்லிப் பாத்தீங்களா?" என்று கேட்டாள் செவந்தி.

"கேக்க மாட்டான்."

"கேப்பானா மாட்டானான்னு நான் கேக்கல. சொன்னீங்களா?"

ரெங்கராஜ் மகனிடம் சொல்லவே இல்லை. இருபது வருஷமாக இந்த வாடியில் மைக் பிடிப்பவர் அவர். ஆம்பளைன்னா வந்து பிடி, அம்மா பால் குடிச்சவன்னா வந்து தொடு என்று நாலு ஊருக்குக் கேட்கக் கூவியவர். அந்த வாயால் சொந்த மகனிடம் ஒதுங்கிக்கொள் என்று எப்படிச் சொல்வார். இதில் சந்தோஷ்குமாருக்குச் சொல்ல ஒரு கருத்து இருந்தது. அன்றைக்கு அதை அவன் விழுங்கிவிட்டான்.

"ஒங்க மகனுக்காக எம்மாட்ட கேரளா வண்டியில ஏத்தப் பாத்தீங்க" என்றாள் செவந்தி. "வண்டி விஷயம் ஒங்களுக்குத் தெரியாதுன்னு வேணா வச்சுக்குறேன். எம்மாடு வழியப் பாத்து ஓடுற மாடுண்ணே. யாரையும் தேடிப் போயி முட்டாது. அது வழியில நிக்காம இருக்கச் சொல்ல வேண்டியது ஒங்க வேலை."

படம் போலி, செவந்தி டோக்கனை விற்கவில்லை, செய்தது நான்தான், தடை ரத்து என்று ரெங்கராஜ் ஊர்க் குழுவில் தன் குரலிலேயே சொல்லி அனுப்பினார். பிறகு வனிதாவிடம் வந்தார். தலையைத் தடவிக் கொடுத்துவிட்டுப் போனார். மகனுக்காகத்தான் செய்தேன் என்பதை மட்டும் குழுவில் சொல்லவில்லை. பொறாமையில் செய்தேன் என்று ஊர் நினைத்தாலும் பரவாயில்லை என்று விட்டுவிட்டார். அங்கே நின்றிருந்தவர்களும் அதை அரவிந்திடம் போய்ச் சொல்லவில்லை. மேலக்குருந்தம்பட்டியில் ஒரு ரகசியம் ஒரு முழு ராத்திரி தாக்குப்பிடித்தது அதுதான் முதல் தடவை.

மறுநாள் காலை உண்ணாமலைக்கு வேலை எதுவும் இல்லை. வந்ததற்கு ஒரு மாடு பார்த்துவிட்டுப் போவோம் என்று சொல்லி, சந்தோஷ்குமாரோடு கேலரியில் இடம் பிடித்தார். கமிட்டி புதுத் தலைவரைத் தேடுவதை மாட்டுப் பொங்கலுக்குப் பிறகு வைத்துக்கொள்ளலாம் என்று முடிவெடுத்திருந்தது. மைக்கில் கத்துவதற்கு வேறு ஆள் இல்லாததால் ரெங்கராஜே மேடையில் இருந்தார். ஒவ்வொரு மாட்டுக்கும் வழக்கம்போலச் சவால் விட்டார். குரலில் மட்டும் வழக்கமான பளபளப்பு இல்லை.

மஞ்சள் பனியன் போட்ட வீரர்கள் வாடிக்கு இரண்டு பக்கமும் ஒண்டி நின்றார்கள். அரவிந்த்குமார் வலது பக்கம் முதல் ஆள். மாடுகள் வந்துபோக, எதையும் தொடாமல் கையைத் தொடையில் துடைத்துக்கொண்டே நின்றான்.

தாசில்தாரின் முறை வந்தது. உள்ளே மூக்குக்கயிறு அறுக்கும் சத்தம் வரை கேட்டது. மேடையில் ரெங்கராஜ் மைக்கை வாய்க்கருகே கொண்டு போனார். அடுத்து, மாடு நம்மூரு செவந்தி மாடு, தாசில்தாரு என்றார். ஆம்பளைன்னா என்று தொடங்கினார். அதற்கு மேல் வரவில்லை.

கேலரி காத்திருந்தது. வாடிக்குள் மாடு உதைத்தது. கூம்பு ஸ்பீக்கர்கள் நாலு திசையிலும் இரைந்துகொண்டே இருந்தன. பிறகு, வாழ்நாளில் அந்த மைக்கில் வராத குரல் ஒன்று வந்தது.

"அரவிந்து. ஒதுங்கிக்கடா. அப்பாவுக்குப் பயமா இருக்கு."

அது ஊருணிக்கரை வரை கேட்டிருக்கும். யாரும் சிரிக்கவில்லை. சிரிக்கலாமா என்று பக்கத்தில் இருப்பவரைப் பார்த்தவர்கள்கூடப் பார்த்ததோடு விட்டுவிட்டார்கள்.

அரவிந்த்குமார் மேடையை நிமிர்ந்து பார்த்தான். அவன் முகம் போன வருஷம் விழுந்தபோதுகூட அப்படி ஆகியிருக்காது. ஒரு மூச்சு நேரம்தான். பிறகு பக்கத்துச் சவுக்குக் கம்பைப் பிடித்து, வலிக்கிற தோளை மடக்கிக்கொண்டு, ஒரே எட்டில் தடுப்பின் மேல் ஏறி உட்கார்ந்தான்.

மறு நொடி தாசில்தார் வெளியே வந்தான். காலியாக இருந்த வலது பக்கத்தை உரசிக்கொண்டு வந்து, நாரைக் கிளறி ஒரு சுற்றுச் சுற்றி, பாய்ந்த இரண்டு மஞ்சள் பனியன்களை ஒதுக்கிவிட்டு, திடல் கடைசியில் கயிற்றோடு நின்ற செவந்தியைப் பார்த்து ஓடினான்.

மேடையில் ரெங்கராஜ் மைக்கைக் கீழே வைத்துவிட்டு உட்கார்ந்துவிட்டார். மாட்டுக்கு யாரும் வெற்றி சொல்லவில்லை. கூட்டம் மேடையைப் பார்த்தது, மேடை கூட்டத்தைப் பார்த்தது.

அரவிந்த்குமார்தான் தடுப்பிலிருந்து இறங்கி மேடையில் ஏறினான். அப்பாவின் முகத்தைப் பார்க்காமல், அவர் பக்கத்தில் கிடந்த மைக்கை எடுத்துத் தட்டிப் பார்த்தான்.

"மாடு செவந்தியக்கா மாடு" என்றான். "மாடு ஜெயிச்சிருச்சு."